வார இறுதி வனவாசம்

இயற்கையோடு இணையும் வேட்கை நமக்கு வெள்ளிக்கிழமை மாலைதான் பிறக்கிறது. எல்லோருக்கும் அதே வெள்ளிக்கிழமை. மலை கூட்டம் தாங்காமல் போக, சென்னை உயர் நீதிமன்றம் சொல்லி, 2024 மே 7 முதல் ஊட்டிக்கும் கொடைக்கானலுக்கும் இ-பாஸ் வந்தது. மறுவருடக் கோடையில் நீலகிரிக்குத் தினம் 6,000 வண்டி, வார இறுதியில் 8,000 என்று வரம்பும் கட்டினார்கள்.

அந்த வரம்புக்குள் இடம்பிடித்து மலையேறியவர் முதலில் கேட்பது, கூடாரத்தில் வைஃபை உண்டா, ஏசி உண்டா என்றுதான். (ஊட்டியில் ஏசி! கீசர் கேட்டாலாவது அர்த்தமுண்டு.) காட்டின் அமைதியை ரசிக்க புளூடூத் ஸ்பீக்கரும் கூடவே வந்திருக்கிறது. காரை நிறுத்த இடமில்லையென்று தன் வீட்டு வாசல் வேப்பமரத்தை வெட்டியவரும் இவரேதான்.

இ-பாஸ் எடுக்காமல் சாலையைக் கடப்பது யானை மட்டுமே. தயவுசெய்து அதைப் பார்த்து ஹாரன் அடிக்காதீர்கள்.