சீவலும் சாயமும்: பாலாற்றங்கரை வீடுகளில் ஐஸ் கோலா

1. வரையறையும் ஆய்வுக் களமும்

ஐஸ் கோலா என்பது கட்டியாக உறைந்த நீரை மெல்லிய செதில்களாகச் சீவி, கையாலோ டம்ளராலோ அழுத்திக் குச்சியில் செருகி அல்லது கிண்ணத்தில் குவித்து, மேலே இனிப்புப் பாகு ஊற்றி, உருகுவதற்குள் உண்ணப்படும் பண்டம். இந்த வரையறையின் உயிர் ‘உருகுவதற்குள்’ என்ற நிபந்தனையில் இருக்கிறது. உருகிய பின் அதே பொருள் சர்பத் ஆகிவிடுகிறது. சர்பத் இவ்வாய்வின் எல்லைக்கு வெளியே உள்ளது. குச்சி ஐஸ், பால் ஐஸ், சேமியா ஐஸ் ஆகியவை அச்சில் ஊற்றி உறைய வைக்கப்படுபவை. அவற்றில் சீவல் என்னும் வினை நிகழாததால் அவை வேறு குடும்பமாகக் கொள்ளப்படும்.

ஆய்வுக் களம் வேலூர், மேல்விஷாரம், ராணிப்பேட்டை, பேரணாம்பட்டு, ஆம்பூர், வாணியம்பாடி ஆகிய தோல் நகரங்கள். 2019இல் பழைய வேலூர் மாவட்டம் மூன்றாகப் பிரிந்தபோது அலுவலகங்களும் கோப்புகளும் பிரிந்தன; வெயில் மட்டும் பொதுச் சொத்தாகவே நீடிக்கிறது. ஆய்வுக் காலம் மே 4 அளவில் தொடங்கி மே மாத இறுதியில் விடைபெறும் கத்திரி வெயில். வெப்பமானி 40 டிகிரியைத் தாண்டுவது அப்போது செய்தியாகாது, தாண்டாவிட்டால்தான் செய்தி.

ஆய்வின் கருதுகோள் ஒன்றே: தோலைச் சீவிச் சாயமேற்றத் தலைமுறைகளாகப் பழகிய வட்டாரத்தில், ஐஸைச் சீவிச் சாயமேற்றுவது அதே தொழிலின் ஞாயிற்றுக்கிழமைக் கிளை. ஷூ கம்பெனிகளின் வார விடுமுறையும் கோலா தயாரிப்பும் ஒரே நாளில் வருவது இக்கருதுகோளுக்கு முதல் சான்று.

2. வரலாற்றுச் சுருக்கம்

சீவிய ஐஸ் மேல் இனிப்பு ஊற்றும் வழக்கம் ஆயிரம் ஆண்டுப் பழமை உடையது. ஜப்பானிய அரசவையில் வாழ்ந்த செய் ஷோனகோன், கி.பி. 1000ஐ ஒட்டி எழுதிய குறிப்புகளில், புது உலோகக் கிண்ணத்தில் பாகு கலந்த சீவல் ஐஸை நயமான பொருள்களின் பட்டியலில் சேர்த்தார். மலேசியா, சிங்கப்பூர்த் தமிழர்கள் அறிந்த ஐஸ் கச்சாங் இதன் தூரத்து உறவு. அதில் சிவப்புப் பயறும் சோளமும் உள்ளே புதைந்திருக்கும்.

தமிழ்நாட்டுக்கு ஐஸ் கப்பலில் வந்தது. பாஸ்டன் வணிகர் பிரெடரிக் டியூடர், உறைந்த ஏரிகளில் வெட்டிய கட்டிகளை மரத்தூளில் பொதிந்து 1833இல் கல்கத்தாவுக்கு அனுப்பினார். அவருடைய சரக்கை வைப்பதற்காகச் சென்னைக் கடற்கரையில் 1842இல் எழுந்த கட்டடம்தான் ஐஸ் ஹவுஸ். இயந்திர ஐஸ் வந்ததும் கப்பல் ஐஸ் வியாபாரம் கரைந்துபோனது, கட்டடம் கரையவில்லை. 1897இல் அங்கே விவேகானந்தர் தங்கினார்.

அடுத்த கட்டம் தெரு வண்டி. தச்சரின் இழைப்புளியைக் கவிழ்த்து வைத்தாற்போல, பலகையில் பதித்த கத்தியின் மேல் ஐஸ் கட்டியைக் கையால் தள்ளிச் சீவும் முறை அங்கே வளர்ந்தது. பின்னர் கைப்பிடி சுற்றும் இயந்திரம் வந்தது.

வீட்டுத் தயாரிப்புக்கு இரண்டு சாதனங்கள் தேவைப்பட்டன. பிரிட்ஜ் தவணை முறையில் வந்தது. மிக்ஸி, 2011இல் தொடங்கிய விலையில்லா மிக்ஸி, கிரைண்டர், மின்விசிறித் திட்டத்தால் அதுவரை எட்டாத வீடுகளையும் எட்டியது. அரசாணை சட்னியை மனத்தில் கொண்டிருக்கலாம். பிள்ளைகள் அதற்கு வேறு பொருள் கண்டார்கள்.

3. மூலப்பொருள்: நீர்

நீரில்லாத ஆறு, அரசனில்லாத கோட்டை, சாமியில்லாத கோயில் என்று வேலூரைப் பற்றி ஊரார் சொல்வதுண்டு. கோட்டைக்குள் இருக்கும் ஜலகண்டேஸ்வரர் கோயிலில் 1981இல் மீண்டும் சாமி வந்துவிட்டதால் மூன்றாம் குறை நீங்கியது. முதல் குறை பெரும்பாலான மாதங்களில் அப்படியே இருக்கிறது. ஆகவே கோலாவுக்கான நீர் மூன்று ஊற்றுகளிலிருந்து வருகிறது: காவிரிக் கூட்டுக்குடிநீர், ஆழ்துளைக் கிணறு, 20 லிட்டர் கேன்.

இவற்றில் ஆழ்துளைக் கிணற்று நீர் இப்பகுதியில் பல இடங்களில் உப்பும் கடினத்தன்மையும் மிக்கது. குடிநீரில் கரைந்த திடப்பொருள் லிட்டருக்கு 500 மில்லிகிராமுக்குள் இருப்பதே ஏற்கத்தக்கது என்பது இந்தியத் தர நிர்ணயம். உப்பு நீரில் செய்த ஐஸ் வெளியே கண்ணாடிபோல் இருந்தாலும் நடுவில் வெள்ளையாகக் கலங்கியிருக்கும். உறையும் நீர் தன்னிடம் உள்ள உப்பையும் காற்றையும் உள்ளே தள்ளிக்கொண்டே போகிறது. கடைசியாக உறையும் நடுப்பகுதியில் அவை சிறைப்படுகின்றன. நீரைக் கொதிக்கவைத்து ஆறவிட்டால் கடினத்தன்மையில் ஒரு பங்கு பாத்திரத்தின் அடியில் படிந்துவிடும். கரைந்த காற்றும் வெளியேறும். தெளிவான ஐஸ் வேண்டுவோருக்கு இது முதல் படி. அவசரக்காரப் பிள்ளைகளுக்கு இதுவே முதல் தண்டனை.

4. உறைதல்

சிறு குழிகள் கொண்ட டிரேயில் உறையும் ஐஸ் சீவலுக்கு உதவாது. கையில் நிற்காமல் வழுக்கும், விரல் நகமும் சேர்ந்து சீவப்படும். அகன்ற டிபன் பாக்ஸோ எவர்சில்வர் கிண்ணமோ ஏற்றது. நீர் உறையும்போது ஏறத்தாழ 9 விழுக்காடு விரிவதால் விளிம்பு வரை நிரப்பி இறுக மூடிய டப்பா பிதுங்கும், கண்ணாடி ஜாடி வெடிக்கும்.

ஒரு கிண்ணம் உறையப் பல மணி நேரம் ஆகும். பிரீசர் கதவை ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை திறந்து ‘ஆயிடுச்சா’ என்று பார்க்கும் வழக்கம் அந்நேரத்தை நீட்டிக்கிறது. ‘ஆயிடுச்சான்னு பாக்கறத நிறுத்தினாத்தான் ஆகும்’ என்று அடுப்படியிலிருந்து வரும் குரல் வெப்ப இயக்கவியலின் வீட்டு வடிவமாகும்.

5. சீவல்: கருவிகளும் கட்சிகளும்

கோலாவின் தரத்தைத் தீர்மானிப்பது பாகு என்பது பொது நம்பிக்கை. உண்மையில் தீர்மானிப்பது தடிமன். டேனரிகளில் ஷேவிங் மெஷின் தோலின் கீழ்ப்புறத்தைச் சீவி ஒரே தடிமனுக்குக் கொண்டுவருகிறது. ஷூவின் மேல்தோல் பெரும்பாலும் 1 முதல் 1.5 மில்லிமீட்டர், கையுறைத் தோல் அதனினும் மெல்லியது, அடித்தோல் பல மில்லிமீட்டர் பருமன். இதே அளவுகோலால் ஐஸையும் மூவகையாகப் பிரிக்கலாம்.

அடித்தோல் வகை: பூரிக்கட்டைக் கட்சியின் விளைபொருள். ஐஸைத் துணிப்பையில் போட்டுப் பூரிக்கட்டையால் அடிப்பது இக்கட்சியின் முறை. துண்டுகள் பருத்தும் ஒழுங்கற்றும் இருக்கும். பாகு அவற்றின் இடையே வழிந்து அடியில் தேங்குமே தவிர மேலே நிற்காது. பக்கத்து வீட்டுக்காரரின் மதியத் தூக்கம் கலைவது இம்முறையின் பக்கவிளைவு.

மேல்தோல் வகை: மிக்ஸிக் கட்சிக்கு உரியது. ஜாரில் கொஞ்சமாகப் போட்டு, விட்டு விட்டுச் சுற்றவேண்டும். தொடர்ந்து ஓட்டினால் பிளேடின் உராய்வு பாதி ஐஸை நீராக்கிவிடும். துகள்கள் மணல்போல் வரும், கடித்தால் நறநறக்கும். பெரும்பான்மை வீடுகளில் ஆளுங்கட்சி இதுவே.

கையுறை வகை: துருவிக் கட்சியின் பெருமை. கேரட் துருவியின் அகன்ற சீவல் பக்கத்தில் கட்டியை அழுத்தி இழைத்தால் பஞ்சுபோன்ற செதில் கிடைக்கும். பாகை நன்றாக உறிஞ்சி நிறுத்துவது இதுதான். கட்டியைத் துணியால் பிடித்துக்கொள்வது கட்டாயம்.

மூன்று கட்சிகளுக்கும் பொதுவான ஒரு விதி டேனரியிலிருந்து பெறப்படுகிறது. குரோம் ஏற்றிய வெட் புளூ தோலை ஷேவிங்குக்குக் கொடுக்கும் முன் அதன் ஈரத்தைப் பிழிந்து அளவாக்குவார்கள். ஈரம் மிகுந்தாலும் குறைந்தாலும் சீவல் கெடும். ஐஸுக்கும் அது பொருந்தும். பிரீசரிலிருந்து மைனஸ் 18 டிகிரியில் எடுத்த கட்டி கண்ணாடிபோல் நொறுங்கும். சில நிமிடம் வெளியே வைத்து மேற்பரப்பு மினுமினுக்கத் தொடங்கியதும் சீவினால் செதில் நீளமாக இழையும். அந்தச் சில நிமிடத்தை வேலூர் மே மாதம் இரண்டாகக் குறைத்துவிடுகிறது.

6. பாகு

பாகின் அடிப்படை இரண்டு பங்கு சர்க்கரை, ஒரு பங்கு நீர். சர்க்கரை கரைந்து கொதித்து விரலில் பிசுபிசுக்கும் பதம் வந்ததும் இறக்கவேண்டும். கம்பிப் பதம் வரை விட்டால் அது ஜிலேபிக்குப் போகும் வழி. ஐஸைத் தொட்டதும் பிசின்போல் இறுகிவிடும். சில துளி எலுமிச்சைச் சாறு, சர்க்கரை மீண்டும் படிகமாவதைத் தடுக்கும். பாகு நன்றாகக் குளிர்ந்த பிறகே ஐஸுக்குச் செல்லவேண்டும். சூடான பாகு ஊற்றப்பட்ட கோலா வரையறைப்படி உடனடியாகச் சர்பத் ஆகிறது.

குளிர்ந்த நாக்கு இனிப்பைக் குறைத்தே உணர்கிறது. அதனால் ஸ்பூனில் ருசி பார்க்கும்போது திகட்டும் பாகுதான் ஐஸின் மேல் சரியாக இருக்கும். ருசி பார்க்கும் பணியில் நால்வர் ஈடுபட்டால் பாகு போதாமல் போவதும் இயற்கை நியதி.

சுவைகளில் முதலிடம் நன்னாரிக்கு. அதன் வேர் மணம் எலுமிச்சையோடு சேர்ந்தால் வேறு நிறமோ எசன்ஸோ தேவையில்லை. ரோஜா மணமுள்ள ரூஹ் அஃப்சா, டெல்லி ஹம்தர்த் மருந்தகத்தில் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பிறந்தது. இந்நகரங்களின் இஸ்லாமிய வீடுகளில் நோன்பு திறக்கும் நேரத்துச் சர்பத்தாகப் பழகிய அந்தப் பாட்டில், நோன்பு கோடையில் வரும் ஆண்டுகளில் இரட்டைப் பணி ஆற்றுகிறது. மாம்பழக் கூழ், நுங்கு, ஊறவைத்த சப்ஜா விதை ஆகியவை துணைப்பொருள்கள். எலுமிச்சையும் கறுப்பு உப்பும் மிளகாய்த்தூளும் சேர்ந்த கார வகை பெரியவர்களுடையது. அதைப் பிள்ளைகள் கேட்பது பெரியவர்கள் கையில் பார்த்த பிறகே.

7. சாயம்

தோலில் இரு மரபுகள் உண்டு: ஆவாரம் பட்டையும் கடுக்காயும் கொண்டு பதனிடும் பழைய முறை, குரோம் உப்பைக் கொண்டு பதனிடும் புதிய முறை. கோலாவிலும் இரு மரபுகள் உண்டு. நன்னாரியின் பழுப்பு, பீட்ரூட்டின் சிவப்பு, மாம்பழத்தின் மஞ்சள் ஆகியவை பட்டை மரபு. பாட்டிலில் வரும் பச்சையும் நீலமும் குரோம் மரபு.

இந்திய உணவுப் பாதுகாப்பு விதிகள் எட்டுச் செயற்கை நிறமிகளை மட்டுமே அனுமதிக்கின்றன. அவற்றுக்கும் அளவு வரம்பு உண்டு. ரோடமைன் பி அப்பட்டியலில் இல்லை. அது துணிக்குரிய சாயம். பஞ்சு மிட்டாயில் அது கண்டறியப்பட்டதால் 2024 பிப்ரவரியில் தமிழ்நாடு பஞ்சு மிட்டாய் விற்பனைக்கே தடை விதித்தது. கோலாவை வீட்டில் செய்வதற்கு உறுதியான காரணம் இதுதான்: தெருவில் நிறம் எங்கிருந்து வந்தது என்று கேட்கவேண்டும், வீட்டில் பீட்ரூட்டைத் தோல் சீவியவரே சாட்சி.

சாயம் முழுவதும் ஏறிவிட்டதா என்று அறியத் தோலின் ஓரத்தை வெட்டிக் குறுக்குவெட்டில் பார்ப்பார்கள். கோலாவில் இச்சோதனையைப் பிள்ளைகள் முதல் கடியிலேயே நடத்திவிடுகின்றன. நடுவில் வெள்ளை தெரிந்தால் சரக்கு திருப்பி அனுப்பப்படும். மிக இறுக அழுத்தியதே இக்குறையின் காரணம். செதில்களுக்கு இடையே பாகு இறங்க வழி வேண்டும். உறிஞ்சி உறிஞ்சி நிறம் போன கோலாவுக்கு, ‘அத்தே, இன்னொரு வாட்டி கலர் ஊத்துங்க அத்தே’ என்று மறுசாயம் கோருவது களமெங்கும் ஒரே சொற்றொடரில் நிகழ்கிறது.

8. வெப்பக் கணக்கு

கோலா உடலைக் குளிர்விக்கிறது என்ற கூற்றை எண்களால் சோதிக்கலாம். ஒரு கிராம் ஐஸ் உருக 80 கலோரி வெப்பம் தேவை. 150 கிராம் ஐஸ் கொண்ட கோலா உருகுவதற்கு 12 கிலோகலோரியும், அந்நீர் உடல் வெப்பமான 37 டிகிரியை எட்ட மேலும் ஐந்தரை கிலோகலோரியும் உடலிலிருந்து எடுக்கின்றன. மொத்தச் செலவு 17.5. மேலே ஊற்றிய பாகில் 30 கிராம் சர்க்கரை இருந்தால், கிராமுக்கு 4 வீதம் வரவு 120 கிலோகலோரி. வரவு செலவைப் போல ஏறத்தாழ ஏழு மடங்கு. கணக்குப் புத்தகத்தின்படி கோலா ஒரு எரிபொருள்.

ஆயினும் கோலா உண்ட பிள்ளை குளிர்ந்தே காணப்படுகிறது. வாயும் தொண்டையும் உடனடியாகக் குளிர்வது ஒரு காரணம். உருகுவதற்குள் முடிக்கவேண்டிய கட்டாயத்தால் அப்பிள்ளை பத்து நிமிடம் வெயிலில் ஓடாமல் நிழலில் ஒரே இடத்தில் நிற்பது மற்றொன்று. குளிர்ச்சியின் பெரும்பங்கு இந்த இரண்டாம் காரணத்துக்கே உரியது.

9. கழிவு மேலாண்மை

எந்தச் சீவல் தொழிலும் கழிவின்றி இல்லை. இத்துறையில் தோல் வட்டாரம் நாட்டுக்கே சட்டம் தந்திருக்கிறது. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் 1996 ஆகஸ்ட் 28 அன்று உச்ச நீதிமன்றம் இரு கொள்கைகளை நிலைநாட்டியது: கேடு வருமுன் காக்கும் கொள்கை, மாசுபடுத்தியவரே செலவை ஏற்கும் கொள்கை. தோல் தொழிற்சாலைகளுக்குத் தலா 10,000 ரூபாய் அபராதமும் விதிக்கப்பட்டது.

வீட்டில் முதல் கொள்கை, தரையில் பழைய செய்தித்தாள் விரிப்பதாக உருப்பெறுகிறது. இரண்டாம் கொள்கை, சிந்தியவரே துடைக்கவேண்டும் என்பதாக அமைகிறது. அபராதம் ஒரு நாள் கோலா நிறுத்தம். யார் சிந்தியது என்று நிறுவுவதில்தான் சிக்கல். நாக்கின் நிறம் சான்றாகாது, ஏனெனில் எல்லா நாக்குகளும் ஒரே நிறம்.

பாலாற்றங்கரைப் பொதுச் சுத்திகரிப்பு நிலையங்களுக்கு விதிக்கப்பட்ட, ஒரு சொட்டுக் கழிவுநீரும் வெளியேறக்கூடாது என்ற நெறியைக் கோலா துறை எவ்விதச் செலவுமின்றி எட்டிவிட்டது. கிண்ணத்தின் அடியில் தேங்கும் நிறநீர் முழுவதும் அண்ணாந்து குடிக்கப்படுகிறது.

நிலுவையில் உள்ளது ஒரே விதி: கடைசி ஐஸை எடுத்தவர் கிண்ணத்தில் மீண்டும் நீர் நிரப்பி பிரீசரில் வைக்கவேண்டும். 1996இல் சொன்னதை உச்ச நீதிமன்றமே 2025 ஜனவரியில் மறுபடியும் சொல்ல நேர்ந்த வட்டாரத்தில், இவ்விதியை எல்லா வீடுகளும் ஒருமனதாக ஏற்றுக்கொண்டிருக்கின்றன. அமல்படுத்தும் பொறுப்பு வழக்கம்போல அம்மாவிடம் விடப்பட்டிருக்கிறது.