நோட்டீஸ் வாங்காத வீரன்

வா நைனா, குந்து. தெருமுனையில போஸ்ட்மேனப் பாத்ததும் லேத் பட்டறை ஷட்டர எறக்கிட்டு பின்பக்கமா எகிறிக் குதிச்சியாமே? பட்டறைப் பையன் சொல்லிச் சொல்லி சிரிக்கிறான். ஒரு கவரப் பாத்து ஓடுற மொதலாளிய திருவொத்தியூர் இப்பத்தான் பாக்குது.

மண்ணடி இரும்புக் கடையில லோடு லோடா பிளேட்டு எடுத்த. எண்ணூர் காண்ட்ராக்ட் பில்லு வந்துரும்னு செக்கு கிழிச்சுக் குடுத்த. பில்லு வர்ல, செக்கு மட்டும் கரீட்டா திரும்பி வந்துருச்சு. நோட்டீஸ கையில வாங்கலன்னா கேஸு நிக்காதுன்னு உனக்கு எவன் சொன்னான்? டீக்கடை வக்கீலா? சரியான அட்ரஸுக்குப் போன கவரு ‘ஆள் இல்ல’, ‘வாங்க மாட்டேன்றாரு’ன்னு திரும்பினாலும், வாங்குன கணக்குதான்னு சுப்ரீம் கோர்ட்டு 2007லயே சொல்ட்டுச்சு. நெசமாவே கைக்கு வர்லன்னா, சம்மன் வந்து 15 நாளுக்குள்ள துட்டக் கட்டிட்டு அப்பால பேசுன்னுச்சு.

அந்தக் கவருக்குள்ள ஜெயிலா இருக்குது? 15 நாள் வாய்தா இருக்குது. செக்கு திரும்புன அன்னிக்கே குத்தம்னு செக்குச் சட்டத்து 138வது பிரிவு சொல்லல. பேங்கு மெமோ வந்து 30 நாளுக்குள்ள கடைக்காரர் எழுத்துல கேக்கணும். அந்த நோட்டீஸ் உன் கைக்கு வந்து 15 நாள்ல நீ குடுத்துட்டா கேஸே கெடையாது. குடுக்கலன்னாதான் குத்தம், அவரு ஒரு மாசத்துல கோர்ட்டுக்குப் போலாம். கொலைகாரனுக்குக் கூட இந்தச் சலுகை இல்லடா! அதப் பாத்துதான் நீ செவுரு ஏறுன.

இந்தப் பிரிவு அமலுக்கு வந்தது 1989 ஏப்ரல் 1. அதுக்கு முன்னால செக்கு திரும்புனா கடன் குடுத்தவன் சிவில் கோர்ட்டு வாசல்ல கெடப்பான். முட்டாள் தினமாப் பாத்து சட்டம் வந்துகீது. உன்ன மனசுல வெச்சுதான் தேதி குறிச்சாங்க போல.

அப்பறம் இன்னா சொன்ன? ‘தொகையே எழுதல, செக்யூரிட்டிக்கு கையெழுத்து மட்டும் போட்டேன்’. அடேங்கப்பா! திருப்பூர்ல கலாமணி டெக்ஸுன்னு ஒரு கம்பெனி, 2000 நவம்பர் தேதி போட்ட செக்கு, 11 லட்சத்து 20 ஆயிரம். அவுங்களும் இதையேதான் பாடுனாங்க. கீழ்க் கோர்ட்டு உட்டுருச்சு, ஹைகோர்ட்டு புடிச்சுது. 2021ல சுப்ரீம் கோர்ட்டு, வெத்து செக்காவே இருக்கட்டும், கையெழுத்து உன்னுதுன்னா கடனும் இருக்குதுன்னுதான் எடுத்துப்போம், இல்லன்னு காட்ட வேண்டியது நீதான்னு சொல்ட்டுச்சு. அந்தத் தொகைய கோர்ட்டுல கட்டுனதாலதான் ஜெயிலு தப்புச்சு. இருவது வருசம் வக்கீலுக்கு அழுதுட்டு, மொத நாளு குடுக்க வேண்டியதக் கடைசி நாளு குடுக்குறதுக்கு இன்னா பேரு? பிசினஸா?

அக்கவுண்ட மூடிடலாம்னும் ஒரு ஐடியா வெச்சினுகீறியாமே. மூட்டைய அவுக்காத. நம்ம மெட்ராஸ் என்இபிசி மைக்கான் கேஸுல 1999லயே சுப்ரீம் கோர்ட்டு அந்தக் கதவ சாத்திருச்சு. மூடுன அக்கவுண்டு செக்கும் 138தான். பட்டறைய பொண்டாட்டி பேருக்கு மாத்துறியா? கையெழுத்து உன்னுதுடா! அந்தப் பொண்ணு பாட்டுக்கு ஊட்டுல நிம்மதியா இருக்கட்டும்.

இல்ல, வீரமாத்தான் நிப்பேன்னா நில்லு. ரெண்டு வருசம் வரைக்கும் ஜெயிலு, செக்குத் தொகையில ரெண்டு மடங்கு வரைக்கும் அபராதம். 2018லருந்து, கேஸு நடக்கும்போதே நூத்துக்கு இருவது வரைக்கும் கடைக்காரருகிட்ட குடுன்னு கோர்ட்டு சொல்லலாம். ஜார்ஜ் டவுன் கோர்ட்டு வராண்டா காத்தோட்டமாத்தான் இருக்கும். வாய்தாவுக்கு வாய்தா பட்டறைய மூடிட்டுப் போயி குந்திக்கோ.

போ, அந்த போஸ்ட்மேன் இன்னும் டோல்கேட்டு தாண்டிருக்க மாட்டான். கையெழுத்துப் போட்டு கவர வாங்கு. வாங்குன கையோட மண்ணடிக்குப் போயி அவரு எதுர்ல நில்லு. பாதி இப்ப, மீதி பத்து நாள்லன்னு கேளு, அவரும் யாவாரிதான், கோர்ட்டு அவருக்கும் பேஜாருதான். என்ன பேசி முடிச்சாலும் எழுதி வாங்கிக்க.

பாதிக்கு என்கிட்ட கைமாத்து கேப்பேன்னு தெரியும், தலைய சொறியாத. தர்றேன். இன்னாது, அதுக்கு செக்கு தர்றியா?