திறக்கச் சொல்லிப் பூட்டிய பூட்டுகள்

கேள்வி: ஹேக்கிங் பழக ஆசை. கொழும்புக்குப் போகாமல் முடியுமா? பொலிஸ் பிடிக்காதா?
– ஓ.எல். எழுதிய மாணவன், நாவுல

பதில்: தாராளமாகப் பழகலாம் தம்பி. திறக்கச் சொல்லியே பூட்டிவைத்த பூட்டுகள் இணையத்தில் நிறைய உண்டு. முதலில் ‘ஓவர் த வயர்’ தளத்தின் ‘பேண்டிட்’ விளையாட்டு: ஒவ்வொரு நிலையிலும் அடுத்த நிலைக்கான கடவுச்சொல் ஒளிந்திருக்கும், தேடத் தேட லினக்ஸ் கைவரும். பிறகு கார்னகி மெலன் பல்கலைக்கழகம் 2013இல் தொடங்கிய ‘பிகோசிடிஎஃப்’ என்ற ஹேக்கிங் புதிர்ப் போட்டி. படத்துக்குள் புதைத்த வாசகத்தைத் தோண்டுவது, வலையமைப்புப் பதிவில் யார் எதை அனுப்பினார் என்று துப்பறிவது எல்லாம் அங்கே இலவசம். விடையை எட்டிப் பார்க்காமல் முட்டி மோதுங்கள், மூளை அப்போதுதான் வளரும். பக்கத்து வீட்டு வைஃபையில் மட்டும் கை வைக்காதீர்கள். 2007ஆம் ஆண்டின் 24ஆம் இலக்கக் கணினிக் குற்றச் சட்டம் பாயும். கை தேறியதும், கணினி அவசரநிலைகளைக் கவனிக்கும் தேசிய அமைப்பான இலங்கை சேர்ட் நடத்தும் ஹேக்கிங் போட்டியில் நாவுலயின் பெயரைப் பதியுங்கள்.