ஏலமனத்தார்

ஏலமனத்தார் என்போர், தம் விளைபொருளுக்கு ஏலத்தில் விழுந்த விலையையே தமது அன்றைய மனநிலையாக ஏற்று வாழும் வேளாண் குடியினர் ஆவர். இவ்வினத்தார் தமிழகத்தின் பல பகுதிகளில் வாழினும், இவர்களைப் பழுதறக் கண்டு ஆராய விரும்புவோர் நாமக்கல் மாவட்டம் பரமத்திவேலூர் வட்டத்திலுள்ள ஜேடர்பாளையத்துக்குச் செல்வதே தகும்; ஏனெனில் காவிரியின் இடக்கரையில் அமைந்த இவ்வூரின் படுகை அணையிலிருந்து பிரியும் ராஜவாய்க்கால், வழிநெடுக உள்ள வயல்களுக்குத் தண்ணீரையும், அத்தண்ணீரில் விளையும் கரும்பு, வாழை, வெற்றிலை ஆகியவற்றின் வழியாக அவற்றை விளைவிப்போருக்கு ஓயாத நெஞ்சிடிப்பையும் ஒருசேர வழங்கி வருகிறது. இவ்வாய்க்காலை வெட்டுவித்தவர் என்று மரபு போற்றும் அல்லாள இளைய நாயகருக்கு இவ்வூரில் சிலை உண்டு. தண்ணீருக்கு வழி செய்தவர் விலைக்கும் ஒரு வழி செய்துவிட்டுப் போயிருக்கலாகாதா என்பது ஏலமனத்தார் அவர்மீது கொண்டுள்ள ஒரே வருத்தமாகும்.

இவர்களது மனத்தின் அளவை அறிய, சந்தையின் அளவைகளை முதலில் அறிய வேண்டும். கரும்பை ஆலையிலிட்டுப் பிழிந்து, சாற்றைக் கொப்பரையில் காய்ச்சி, பாகு பதத்தில் இறக்கி, கையால் உருட்டினால் உருண்டை வெல்லம் என்றும் அச்சிலிட்டால் அச்சு வெல்லம் என்றும் பெயர் பெறும் பண்டம், 30 கிலோ கொண்ட சிப்பங்களாகக் கட்டப்பட்டு அருகிலுள்ள பிலிக்கல்பாளையத்து வெல்ல ஏலச் சந்தைக்குச் செல்கிறது. வெற்றிலையோ 100 இலை கொண்டது ஒரு கவுளி, 104 கவுளி கொண்டது ஒரு சுமை என்னும் கணக்கில் விலைபோகிறது. சிப்பத்துக்கு 60 ரூபாய் ஏறினால் கிலோவுக்கு 2 ரூபாய் ஏறியதாகப் பொருள். சென்னையில் பாயசத்துக்காக அரைக் கிலோ வாங்குபவருக்கு அந்த ஒற்றை ரூபாய் கண்ணில் படாது. ஆயினும் ஜேடர்பாளையத்தில் அதே ஏற்றம் ஒரு மனிதரின் நடையை மாற்றி, மடித்துக் கட்டிய வேட்டியை இறக்கிவிட வைத்து, ஆறு மாதமாகப் பேசாதிருந்த பங்காளியை வலியப் போய் நலம் விசாரிக்கச் செய்துவிடும்.

மாறி மாறி வரும் இன்பதுன்பங்களைக் குறிப்பதற்கு நகரத்தார் இக்காலத்தில் ரோலர் கோஸ்டர் என்னும் உவமையை எடுத்தாளுகின்றனர். ரோலர் கோஸ்டர் என்பது, உயரமான சாரத்தின்மேல் மேடும் பள்ளமுமாக வளைத்துப் போடப்பட்ட தண்டவாளத்தில் மனிதரை அமர்த்தி ஏற்றி இறக்கும் விளையாட்டு வண்டியாகும். ரஷ்யாவில் குளிர்காலத்தில் மரச்சாரங்களின்மேல் பனிக்கட்டியை உறையவிட்டுச் சறுக்கிய பழைய விளையாட்டிலிருந்து கிளைத்த இவ்வண்டியை, 1884ஆம் ஆண்டு நியூயார்க்கின் கோனி ஐலண்டு கடற்கரையில் லமார்கஸ் தாம்சன் என்பவர் அமைத்து, ஆளுக்கு 5 சென்ட் கட்டணம் வாங்கினார். அதன் வேகம் மணிக்குச் சுமார் 10 கிலோமீட்டரே. பின்னிருக்கையில் மனைவியையும் முன்புறம் மாட்டுத்தீவன மூட்டையையும் ஏற்றிச் செல்லும் டிவிஎஸ் எக்ஸ்எல் அதை எளிதாக முந்தியிருக்கும்.

இவ்வண்டியின் இயக்கத்தில் ஒரு நுட்பம் உண்டு. பழைய முறையில் அமைந்த வண்டிகளில், முதல் மேட்டின் உச்சிவரை ஒரு சங்கிலி இழுத்துச் செல்லும். அதன்பின் இயந்திரத்துக்கு வேலையில்லை. உயரத்தினால் சேர்ந்த ஆற்றல் வேகமாக மாறி வண்டியை இறக்க, அந்த வேகமே மறுபடி உயரமாக மாறி அடுத்த மேட்டில் ஏற்றுகிறது. உராய்வும் காற்றும் ஒவ்வொரு முறையும் சிறிது ஆற்றலைத் தின்றுவிடுவதால், பின்னால் வரும் மேடு எதுவும் முதல் மேட்டைவிட உயர்ந்திருக்க இயலாது. பயணம் சில நிமிடங்களில் முடிந்துவிடும் என்பதும், இடுப்பில் பட்டை மாட்டியிருக்கிறது என்பதும் ஏறியவருக்குத் தெரியும். வெல்ல ஏலம் இவற்றில் எந்த ஒழுங்குக்கும் கட்டுப்பட்டதன்று. பொங்கலுக்கு முன் ஏறிய விலை தை பிறந்ததும் இறங்கலாம். ஆயுதபூஜைக்கு ஏறும் என்று காத்திருந்தால் அன்றைக்கென்று சிப்பங்கள் மலையாக வந்து குவியலாம். ஆதலால் நகரத்தார் கட்டணம் செலுத்தி அடையும் அந்த அனுபவத்தை ஏலமனத்தார் கட்டணமின்றியும், பட்டையின்றியும், இறங்குமிடம் இன்னதென்று தெரியாமலும் அடைந்து வருகின்றனர் என்று கொள்ளலாம்.

ஏற்றநாளில் இவரை அடையாளம் காண்பது ஆராய்ச்சியாளருக்குச் சற்றுக் கடினமான செயலாகும், ஏனெனில் கொங்குநாட்டு வழக்கில் மகிழ்ச்சியின் உச்சத்தை உணர்த்த வழங்கும் தொடர், "ஏதோ பரவாயில்லீங்க" என்பதேயாம். "ஏனுங் மாமா, சிப்பம் எப்படிப் போச்சுங்?" என்று தேநீர்க் கடையில் எவரேனும் கேட்டால், ஏற்றநாளில் அவர் தொகையைச் சொல்லமாட்டார், சொன்னால் கண்பட்டுவிடும், கண்படாவிட்டாலும் கடன் கேட்டுவிடுவர். மாறாக, "அதென்னத்தைச் சொல்றது மாப்ளே, ஏதோ பரவாயில்லீங்க" என்று முகத்தைச் சுளித்துக் கொண்டே, கடையிலிருக்கும் நால்வருக்கும் வடை சொல்லிவிடுவார். அனுபவமுள்ளோர் முகத்தைப் பாராமல் வடையைக் கொண்டே விலையைக் கணக்கிடுவர். அன்று மாலை படுகை அணைப் பக்கம் வறுத்த ஆற்றுமீன் பொட்டலமாகக் கட்டப்பட்டு வீடு நோக்கிச் செல்லுமாயின், ஏற்றம் கணிசமானது என்பதில் ஐயமில்லை.

வீழ்ச்சிநாளிலோ ஆராய்ச்சிக்கு இடமே இல்லை. கேட்பதற்கு முன்பே விலையும், போன வாரத்து விலையும், வெட்டுக்கூலியும், ஆலைக் கொட்டகையின் ஆட்கூலியும், வண்டி வாடகையும், தரகும் ஒன்றன்பின் ஒன்றாக, ஒரு ரூபாய் பிசகாமல் வெளிவரும். கணக்கே எழுதிவையாத மனிதருக்கு இவ்வளவு கணக்கு எங்கிருந்து வந்தது என்று வியப்போர், நட்டக்கணக்கு மனப்பாடமாகும் வேகத்தில் பத்தில் ஒரு பங்கு வேகம்கூட லாபக்கணக்குக்கு வாய்ப்பதில்லை என்பதை அறியாதவராவர்.

இதனை மேலைநாட்டு அறிஞரும் ஆராய்ந்துள்ளனர். டேனியல் கானமன், ஏமோஸ் ட்வெர்ஸ்கி என்னும் இருவரும் 1979ஆம் ஆண்டு வெளியிட்ட ஆய்வில், ஒரே அளவான லாபம் தரும் மகிழ்ச்சியைவிட அதே அளவான நட்டம் தரும் வலி பெரிது என்று காட்டினர்; இழப்பு வெறுப்பு என இது வழங்கப்பெறும். அவர்கள் பின்னர் கணக்கிட்டபடி அவ்வலி ஏறத்தாழ இரண்டு மடங்கு. ஜேடர்பாளையத்தில் இவ்விகிதம் இன்னும் கூடுதல் என்று கருத இடமுண்டு, ஏனெனில் 40 ரூபாய் ஏறிய மகிழ்ச்சி அன்று மாலை தொலைக்காட்சிச் செய்தி முடிவதற்குள் கரைந்துவிட, 40 ரூபாய் இறங்கிய துயரம் அடுத்த ஏலம் வரை குறையாது நின்று, இடையில் வந்த உறவினர் திருமணத்தில் சாம்பார் உப்புக் கரிப்பதாகவும் குற்றம் காணவைக்கும்.

இவ்வினத்தாரின் தத்துவம் ஒன்றே: விலை ஏறுவது தம் கெட்டிக்காரத்தனத்தால், இறங்குவது பிறர் சூழ்ச்சியால். ஏறினால், "நான் அப்பவே சொன்னனுங்க, இந்த வாரம் கொண்டுபோனாத்தானுங்க சரி" என்பார்; அவர் அப்போது சொன்னது யாருக்கும் நினைவிருக்காது. இறங்கினால், வியாபாரிகள் முதல்நாள் இரவே கூடிப் பேசிவிட்டனர், வடக்கே சரக்கு தேங்கிவிட்டது, எவனோ சர்க்கரையைக் கலந்து வெல்லம் காய்ச்சிப் பேரைக் கெடுத்துவிட்டான் என்று காரணங்கள் பெருகும். இவற்றுள் சில உண்மையும் கூட. சர்க்கரை ஆலைக்கு அனுப்பும் கரும்புக்கு மத்திய அரசு நியாயமான ஆதாய விலை ஒன்றை ஆண்டுதோறும் அறிவிக்கிறது. வெல்லத்துக்கு அப்படி எவரும் அறிவிப்பதில்லை. மழைக்காலத்து ஈரத்தில் வெல்லம் கசியும், வெற்றிலை சில நாளில் அழுகும், வெட்டிய வாழைத்தார் எவருடைய அனுமதிக்கும் காத்திராமல் பழுக்கும். ஆகவே விலை பிடிக்கவில்லை என்று சரக்கைத் திரும்பக் கொண்டுபோகும் உரிமை ஏட்டளவில் மட்டுமே உள்ளது. அவரைப் பார்த்துச் சிரிப்போர் இதையும் மறக்கலாகாது.

ஆனால் அவர் எண்ணிப்பாராத சூழ்ச்சிக்காரர் ஒருவர் உண்டு. பொருளியலில் சிலந்திவலைத் தேற்றம் என்று ஒன்று உள்ளது. 1934ஆம் ஆண்டில் நிக்கோலஸ் கால்டார் இப்பெயரிட்டார். விளைவதற்கு நீண்டகாலம் பிடிக்கும் பண்டத்துக்கு இன்று நல்ல விலை கிடைத்தால், உழவர் அனைவரும் அந்த விலையை நம்பி அதையே நடுவர். அறுவடையின்போது அனைவரது சரக்கும் ஒன்றாக வந்து விலையை வீழ்த்தும். வீழ்ந்த விலையைக் கண்டு அனைவரும் கைவிட, அடுத்த முறை சரக்குக் குறைந்து விலை ஏறும். கரும்புக்கும் வாழைக்கும் ஏறத்தாழ ஓராண்டு தேவை என்பதால், இத்தேற்றம் ராஜவாய்க்கால் கரையில் பாடநூலில் உள்ளதைவிடத் தெளிவாக விளங்கும். சிப்பம் ஏறிய வாரத்தில் ஏலமனத்தார் வீடு திரும்பும் வழியிலேயே விதைக்கரணைக்குச் சொல்லிவிட்டு வருகிறார், அதே வழியில் அதே கரணைக்குச் சொல்லும் பன்னிருவரைக் கண்டு, "எல்லாருமே கரும்பாப் போட்டா எப்படீங்க?" என்று அவர்களுக்கு அறிவுரையும் கூறுகிறார். ஓராண்டு கழித்து அவர் கீழே பாயும் அந்தப் பள்ளத்தின் தண்டவாளம் அன்றைக்கே அவர் கையால் போடப்பட்டது. கோனி ஐலண்டில் தாம்சன் செய்த வேலையும் பயணி செய்த வேலையும் இங்கே ஒருவரிடமே வந்து சேர்ந்திருக்கின்றன.

ஏலமனத்தாரின் கிளையினர் சிலரையும் சுருக்கமாகக் குறிப்பிட வேண்டும். கொடிக்கால்காரர் எனப்படும் வெற்றிலை விவசாயி சற்றே நிதானமானவர். அவரது மனநிலை பஞ்சாங்கத்தைப் பின்பற்றுவதால், முகூர்த்தம் மிகுந்த வைகாசியில் அவர் எவர் வீட்டுத் திருமணத்தையும் தம் வீட்டுத் திருமணமாகக் கருதி மகிழ்வார், ஆடியும் மார்கழியும் வந்தால் உலகமே துறவு பூண்டுவிட்டதாக வருந்துவார். நாமக்கல் பக்கத்துக் கோழிப்பண்ணையாளரின் நிலை வேறு. 1982ஆம் ஆண்டு பி.வி. ராவ் முயற்சியால் உருவான தேசிய முட்டை ஒருங்கிணைப்புக் குழு அறிவிக்கும் விலை பைசாக் கணக்கில் ஏறி இறங்குவதாலும், கோழி ஞாயிற்றுக்கிழமையும் முட்டையிடும் என்பதாலும், அவருக்கு ஏலமில்லாத நாள் என்று ஒன்று வாய்ப்பதில்லை. பத்துப் பைசா ஏறினாலும் பூரிப்பவர், புரட்டாசியில் ஊரார் புலால் மறுக்கும்போது அவர்களது பக்தியின் ஆழத்தை உள்ளூர ஐயுறுவார்.

இத்தனை ஏற்ற இறக்கங்களில் பழகிய ஒருவர் உண்மையான ராட்டினத்தை வேடிக்கையாகக் கருதுவார் என்று எதிர்பார்ப்பது இயல்பு. அவ்வாறன்று. சுற்றுவட்டாரத் தேர்த்திருவிழாக்களில் ராட்டினம் வந்தால், பேரப்பிள்ளைகளை ஏற்றிவிட்டு, அவர்களது செருப்புகளைக் கையில் பிடித்தபடி கீழேயே நின்று, "நமக்கு இதெல்லாம் ஆகாதுங்க, தலை கிறுகிறுங்கும்" என்று சீட்டுக் கிழிப்பவரிடம் விளக்கிக்கொண்டிருப்பார். மறுநாள் காலை முப்பது சிப்பங்களை விலை தெரியாமலேயே வண்டியில் ஏற்றும்போது அவருக்குத் தலை சுற்றுவதில்லை.

அவரது மனையாட்டி இந்த ஆய்வில் தனி அதிகாரத்துக்கு உரியவர். கணவர் சந்தையிலிருந்து புறப்படுவதற்கு முன்பே, அண்டைவீட்டுப் பையனின் கைபேசி வழியாக விலையை அறிந்துகொள்ளும் அவர், ஏற்றமெனில் மகளின் கல்லூரிக் கட்டணத்தையும் தம் கம்மலையும் வாசலிலேயே எடுத்து வைப்பார். இறக்கமெனில் கொள்ளுப்பருப்புக் கடைந்து வைத்துவிட்டு, "ஏனுங்க, சாப்பிட வாங்க" என்பதற்கு மேல் ஒரு சொல்லும் பேசார். தொழுவத்தில் நிற்கும் இரண்டு கறவை மாடுகளும் அவர் பொறுப்பு. கூட்டுறவுச் சங்கத்தில் பாலின் கொழுப்பையும் இதரச் சத்தையும் அளந்து எழுதும் விலை பெரிதாக ஏறுவதுமில்லை, இறங்குவதுமில்லை. அதனால் அதில் சுவையில்லை என்று கருதும் கணவர், அதைக் கைச்செலவுக் காசு என்றே அழைத்து, வருமானக் கணக்கில் சேர்ப்பதில்லை. விதைக்கரணைக்கு முன்பணம், வெட்டு ஆட்களுக்கு அட்வான்ஸ், மோட்டார் சுருள் கட்டிய செலவு ஆகியவை வீழ்ச்சி வாரங்களில் அந்தக் கைச்செலவுக் காசிலிருந்தே கட்டப்படுகின்றன. இவ்வளவு நட்டத்திலும் எப்படித் தாக்குப்பிடித்தீர்கள் என்று தேநீர்க் கடையில் எவரேனும் கேட்டால், ஏலமனத்தார் சிறிது யோசித்து, தோளில் கிடக்கும் துண்டைச் சரிசெய்துகொண்டு, "ஏலத்துல நெளிவு சுளிவு தெரியோணுமுங்க" என்று விடை கூறுவார்.