வெளிச்சத்துக்கு உத்தரவாதமில்லை

கைபேசியைத் திறந்தால் பச்சை வானம். நோர்வே, பின்லாந்து, ஐஸ்லாந்து. வடதுருவ ஒளி காண வழிகாட்டியுடன் சுற்றுலா, ஹலால் சாப்பாடு, தொழுகைக்கு வசதி, ஹோட்டலில் சுடுதண்ணீர். உம்றாவுக்கும் துபாய்க்கும் ஆள் சேர்த்த அதே குரல் இப்போது துருவத்துக்கு ஆள் சேர்க்கிறது. அடியில் எறும்பு எழுத்தில் ஒரு வரி: வெளிச்சம் தெரியும் என்பதற்கு உத்தரவாதமில்லை, கட்டிய காசு திரும்பாது.

அந்த வரியைப் பார்த்து அம்பாறைக் கரையோரத்தான் பயந்துவிடுவான் என்று நினைப்பவருக்கு எங்களைத் தெரியாது. முப்பது வருடமாக இதே நிபந்தனையில்தான் நாங்கள் வாக்குப் போடுகிறோம்.

அந்த ஒளியில் ஏமாற்று ஒன்றும் இல்லை. சூரியன் துப்புகிற மின்னேற்றத் துகள்கள் பூமியின் காந்தப்புலத்தில் மாட்டி, துருவப் பக்கமாக இறங்கி, காற்றோடு மோதுகின்றன. நூறு கிலோமீற்றருக்குச் சற்று மேலே ஒட்சிசன் பச்சையாக ஒளிரும். இருநூறுக்கு மேலே அதே ஒட்சிசன் சிவக்கும். ஒரே காற்றுத்தான், உயரப் போகப் போக நிறம் மாறுகிறது. எங்கள் ஊர் அரசியல்வாதிக்கு இந்தப் பாடம் நடத்தத் தேவையில்லை.

2024 மே 10 இரவு பெரிய சூரியப் புயல். லடாக்கின் ஹன்லேயில்கூட வானம் சிவந்தது. கல்முனையில் சிவக்கவில்லை. சிவக்காது. பூமியின் காந்த நடுக்கோடு தென்னிந்திய முனையை ஒட்டி, எங்கள் பக்கத்தால் போகிறது. துருவ ஒளி எட்டிப் பார்க்க உலகத்திலேயே ஆகக் குறைந்த தகுதியுள்ள இடங்களில் எங்களுடையதும் ஒன்று. கொழும்பில் ஒதுக்குகிற நிதிக்கும் இதே காந்த விதிதான் போலும்.

சரி, போகட்டும். போக விசா வேண்டும். நோர்வே கொழும்பில் வைத்திருந்த தூதரகத்தை 2023 இல் மூடிவிட்டது. ஷெங்கன் விண்ணப்பத்துக்கு 90 யூரோ, மறுத்தாலும் திரும்பாது. வங்கிக் கூற்று வேண்டும். திரும்பி வந்துவிடுவீர்கள் என்பதற்கு அத்தாட்சியும் வேண்டும். கட்டாரில் கொதிக்கிற வெயிலில் நிற்கிற தம்பி அனுப்பிய காசை எக்கவுண்டில் 'காட்டுவதற்கு' வைத்துவிட்டு, பனியில் நின்று வானம் பார்க்கப் போகிறார் காக்கா. போன வெள்ளிக்கிழமைதான் வீண்விரயம் பற்றிக் குத்பா கேட்டுத் தலையாட்டியவர். முன் வரிசையில்.

வானம் பார்ப்பது எங்களுக்குப் புதிதா என்ன? நோன்பு இருபத்தொன்பதில் மஃரிபு முடிந்ததும் மருதமுனையிலிருந்து பொத்துவில் வரை ஊரே முற்றத்துக்கு வந்துவிடும். முதுகைக் கடலுக்குக் காட்டி, மேற்கே வயல் பக்கம் பார்த்து நிற்கும். வழிகாட்டி இல்லை, கட்டணம் இல்லை. நீ கண்டது பிறையா இல்லையா என்று தீர்ப்பது மட்டும் கொழும்புப் பெரிய பள்ளிவாசல்.

துருவத்தில் வழிகாட்டி பஸ்ஸில் ஏற்றி, மேகமில்லாத மூலை தேடி நடுச்சாமம் வரை ஓட்டுவார். ஓரிடத்தில் இறக்கி "அதோ" என்பார். ஒளி மங்கலாக இருந்தால் வெறும் கண்ணுக்கு ஏதோ சாம்பல் மேகம். கைபேசியை மேலே தூக்கினால் பச்சை! இருட்டில் கண்ணுக்கு நிறம் பிடிபடாது, கமராவோ சில விநாடி ஒளியைச் சேர்த்துவைத்துப் படமாக்கும். நேரில் இல்லாத நிறம் படத்தில் இருக்கும். இதற்கு இவ்வளவு தூரம் போக வேண்டுமா? அடிக்கல் நாட்டுகிற படங்களைப் பத்திரிகையில் பாருங்கள். பச்சைப் பசேலென்று அபிவிருத்தி. அந்தக் காணிக்கு நேரில் போய்ப் பாருங்கள். கல்லைக்கூடக் காணோம்.

அந்த நாட்டுக்காரர்கள் எங்களுக்கு அந்நியர் அல்லர். 2002 பெப்ரவரி 22 இல் அரசும் புலிகளும் போர்நிறுத்தத்தில் கையெழுத்திட்டார்கள், நோர்வே நடுவில் நின்றது. அதைக் கண்காணிக்க ஐந்து நாட்டிலிருந்து ஆள் வந்தார்கள்: நோர்வே, சுவீடன், பின்லாந்து, டென்மார்க், ஐஸ்லாந்து. இன்றைய சுற்றுலா விளம்பரத்தில் இருக்கிற அதே வரைபடம். வெள்ளை வாகனத்தில் கொடி பறக்க இந்தக் கரையோரம் முழுக்கச் சுற்றினார்கள். பார்த்தார்கள். எழுதினார்கள். யார் சுட்டது, யாரைக் கடத்தியது, எத்தனை மணிக்கு. தடுப்பது அவர்கள் வேலையில் இல்லை. 2008 ஜனவரியில் மூட்டை கட்டினார்கள். எங்கள் இருட்டைப் பார்க்க அவர்கள் சம்பளத்தோடு வந்தார்கள். அவர்கள் வெளிச்சத்தைப் பார்க்க நாங்கள் கடனோடு போகிறோம்.

அந்தப் பேச்சுவார்த்தை மேசையில் முஸ்லிம்களுக்குத் தனித் தரப்பு என்றொரு கதிரை இல்லை. அரச தூதுக்குழுவில் ஓரமாக உட்காரலாம் என்றார்கள். 2003 ஜனவரி 29 அன்று தென்கிழக்குப் பல்கலைக்கழகத்தில் திரண்டு ஒலுவில் பிரகடனம் செய்தோம். ஒஸ்லோவுக்கு ஒலுவில் கேட்கவில்லை. 2004 சுனாமியில் நாட்டிலேயே ஆகக் கூடுதலான உயிர்களைக் கொடுத்தது அம்பாறை மாவட்டம். அடுத்த வருடம் நிவாரணத்துக்கென்று ஒரு பொதுக் கட்டமைப்பு, அதற்கும் நோர்வேதான் அனுசரணை. அதிலும் அரசும் புலிகளும் ஒப்பமிட்டார்கள். ஜனாஸா அடக்கிய கைக்குப் பேனை கிடைக்கவில்லை. அன்று நோர்வேயின் சமாதானத் தூதராக வந்த எரிக் சொல்ஹெய்ம் 2022 இல் ஜனாதிபதி ரணிலுக்குக் காலநிலை ஆலோசகராகத் திரும்பவும் வந்தார். ஆலோசனை வந்த மறுவருடம் தூதரகம் போனது.

ஆனாலும் நோர்வேக்காரனிடம் ஒரு ரோசம் இருக்கிறது. இலங்கையில் தன் முயற்சி ஏன் தோற்றது என்று வெளியாட்களைக் கொண்டு ஆராய்ந்து, 2011 இல் அறிக்கையை அச்சடித்து உலகத்துக்கு முன் வைத்தான். எங்கள் நாட்டில் தோல்விக்கு அறிக்கை இல்லை. திறப்பு விழா உண்டு.

நம்பாவிட்டால் ஒலுவிலுக்கு வாருங்கள். வெளிச்சம்தானே வேண்டும்? அங்கே ஒரு வெளிச்ச வீடே நிற்கிறது. 1999 இல் கட்டியது. துறைமுக அமைச்சராக இருந்த எம்.எச்.எம். அஷ்ரபின் கனவு. 2000 செப்டம்பரில் அவர் ஹெலிகொப்டர் விழுந்து மௌத்தானார். கனவு வாரிசுகளின் மேடைப் பேச்சில் வாழ்ந்தது. பிறகு துறைமுகம் கட்ட டென்மார்க் கடன் கொடுத்தது, 4 கோடி 61 இலட்சம் யூரோ. 2008 இல் வேலை தொடங்கி, 2013 செப்டம்பரில் மஹிந்த ராஜபக்ஷ திறந்து வைத்தார். அப்போது எழுந்த கைதட்டல் சத்தம் அலையை மிஞ்சியது. வெளிச்ச வீடு இருக்கிறது, துறைமுகம் இருக்கிறது, இனிக் கப்பல் வரவேண்டியதுதான் பாக்கி.

மணல் வந்தது.

இந்தக் கரையில் மணல் தெற்கிலிருந்து வடக்கே நடக்கும். அதன் குறுக்கே பாறாங்கல்லைப் போட்டு அலைதடுப்புக் கட்டினால் தெற்கே மணல் குவியும், வடக்கே கடல் கரையைத் தின்னும். இது தெரிய டென்மார்க்கில் பொறியியல் படிக்கத் தேவையில்லை. கரைவலை இழுக்கிற காக்கமாரைக் கேட்டிருந்தால் ஒரு பிளேன்ரீக்குச் சொல்லியிருப்பார்கள். யாரும் கேட்கவில்லை. துறைமுக வாயை மணல் அடைத்தது, மீன்பிடிப் படகுகூட நுழைய முடியாமல் நின்றது. வடக்கே தென்னைகள் வேரோடு சாய்ந்தன. வாடிகள் போயின. தோணி இழுத்துவைக்கக் கரையே இல்லை. கடல் நிந்தவூர்ப் பக்கமும் கைவைத்தது. தடுக்க என்ன செய்தார்கள்? இன்னும் பாறாங்கல் கொட்டினார்கள். மணலை அள்ளினார்கள். மணல் திரும்பி வந்தது. அதற்கு விசா தேவையில்லை.

காணியைத் துறைமுகத்துக்குக் கொடுத்தவன் நட்டஈட்டுக்கு அலைந்தான். காணியைக் கடலுக்குக் கொடுத்தவனுக்கு அலைய ஒரு அலுவலகம்கூட இல்லை. கடனைக் கட்டுவது யார்? பருப்பு வாங்கும்போதும் கைபேசிக்கு ரீலோட் போடும்போதும் வரி கொடுக்கிற நீங்கள்தான்.

நோர்வேயில் ஹர்ட்டிகுருட்டன் என்றொரு கப்பல் நிறுவனம் இருக்கிறது. குளிர்காலத்தில் 12 நாள் கரையோரப் பயணம் கூட்டிப்போகும். அந்தப் பயணத்தில் துருவ ஒளி தோன்றாவிட்டால் இன்னொரு பயணம் இலவசம் என்று எழுத்தில் கொடுக்கிறது. சூரியனை நம்பி வியாபாரம் செய்கிறவன் இவ்வளவு பொறுப்பெடுக்கிறான். எங்கள் அரசியல் முகவர்களைப் பாருங்கள். மரச் சின்னத்தில் ஏற்றினார்கள். குதிரையில் ஏற்றினார்கள். மயிலில் ஏற்றினார்கள். நடுவில் யானை, வெற்றிலை, மொட்டு, தொலைபேசி. ஒளி தெரிந்ததா? இல்லை. அடுத்த பயணம் இலவசமா? அதே முழுக் கட்டணம். ஒளி வந்தாலும் வராவிட்டாலும் வழிகாட்டிக்கு வாகனப் பேர்மிட் கிடைத்தது. இப்போது திசைகாட்டி வந்திருக்கிறது. திசைகாட்டியின் முள் வடக்கைக் காட்டும், அதில் குறை சொல்ல முடியாது. கிழக்கைக் காட்ட இன்னும் எத்தனை தட்டுத் தட்ட வேண்டும் என்பதுதான் கேள்வி.

இதுவரை ஒளியே காணவில்லை என்று சொன்னால் அது பொய்ச்சாட்சி. 2020 பெப்ரவரி 14 அன்று சாய்ந்தமருதுக்கு மேல் தெரிந்தது. கல்முனையிலிருந்து பிரிந்த தனி நகர சபை, வர்த்தமானியில் அச்சடித்து! அது ஒரு வாரம் தாக்குப்பிடிக்கவில்லை. அமைச்சரவை கூடியது, அணைத்தது. இடையில் நாங்கள் என்ன செய்தோம்? கல்முனைக்குடியானும் சாய்ந்தமருதானும் கொண்டான் கொடுத்தான் உறவை மறந்து, கொளுத்தியது யார், ஊதி அணைத்தது யார் என்று கைபேசியில் ஆளையாள் கிழித்துக்கொண்டோம். சுவிச் கொழும்பில் இருந்தது.

இருட்டுப் பார்க்க ஆசைப்படுகிறவர்களுக்கு அக்கரைப்பற்று நுரைச்சோலை. சுனாமியில் வீடிழந்தவர்களுக்கென்று சவூதி கட்டிக்கொடுத்த 500 வீடு. பள்ளிவாசல், பாடசாலை, வைத்தியசாலை எல்லாம் சேர்த்து. கொடுக்கப் போகிற நேரத்தில் வழக்கு. தேசிய இன விகிதாசாரப்படி பங்கிடு என்றது உயர் நீதிமன்றம். அலை வந்தபோது அந்த விகிதாசாரத்தைப் பார்த்து அடிக்கவில்லை. பதினைந்து வருடத்துக்கு மேலாக அந்த வீடுகளில் காடு குடியிருந்தது.

2016 செப்டம்பரில் ஐஸ்லாந்தின் தலைநகர் ரெய்க்யாவிக்கில் நகர சபை ஒருநாள் இரவு தெருவிளக்குகளை அணைத்தது. மக்கள் துருவ ஒளியைத் தெளிவாகப் பார்க்கட்டுமென்று. உலகப் பத்திரிகையெல்லாம் புகழ்ந்தது. 2022 மார்ச் கடைசியில் எங்கள் அரசாங்கம் நாளுக்கு 13 மணித்தியாலம் அணைத்தது. யாரும் புகழவில்லை. வானத்தில் ஒன்றும் தெரியவுமில்லை. பிள்ளை மெழுகுதிரியில் படித்தது. உம்மா மண்ணெண்ணெய்க் கியூவில் நின்றாள். பிறகு அந்த இருட்டுக்குப் பில் வந்தது: 2022 ஓகஸ்டில் 75 வீதக் கட்டண உயர்வு, 2023 பெப்ரவரியில் அதன் மேல் 66 வீதம்.

அந்தத் துருவ ஒளியைக் கொண்டுவருகிற சூரியப் புயலுக்கு மின்சாரத்தை வீழ்த்தவும் தெரியும். 1989 மார்ச் 13 இல் கனடாவின் கியூபெக் மாகாணத்தில் 60 இலட்சம் பேரை ஒன்பது மணித்தியாலம் இருட்டில் தள்ளியது. பதினைந்து கோடி கிலோமீற்றருக்கு அப்பால் நிற்கிற ஒரு நட்சத்திரம் மூக்கைச் சிந்தவேண்டியிருந்தது, கனடாவை அணைக்க. 2025 பெப்ரவரி 9, ஞாயிற்றுக்கிழமை முழு இலங்கையும் அணைந்தது. பாணந்துறை உபமின் நிலையத்தில் குரங்கு பாய்ந்தது என்றார் அமைச்சர்.

குரங்கு மறுப்பறிக்கை விடவில்லை.

ஆக, துருவத்துக்குப் போகிறவர் போய் வரட்டும். அவர் காசு, அவர் குளிர். அங்கே எரியாத வானத்துக்கு வழிகாட்டியாவது மன்னிப்புக் கேட்பான். இங்கே எங்கள் ஒழுங்கையில் எரியாத தெருவிளக்குக்கு யாரிடம் போய்ச் சண்டை பிடிப்பது? நாட்டின் உள்ளூராட்சி சபைகள் ஏறக்குறைய எல்லாமே 2023 மார்ச்சில் கலைந்தன. 2025 மே 6 அன்று மற்ற ஊர்கள் வாக்களித்துத் தங்கள் சபைகளை மீட்டெடுத்தன. கல்முனை மாநகர சபைக்கு அன்று தேர்தல் நடக்கவில்லை. வழக்கு இருக்கிறதாம்.