பரப்புரையாளர்களுக்கு ஒரு பாராட்டு மடல்

நவம்பர் 25 வந்துவிட்டால் டிசம்பர் 10 வரை, பதினாறு நாளும் உங்களுக்குத் தூக்கம் கிடையாது. பெண்கள் மீதான வன்முறையை ஒழிக்க நீங்கள் படும் பாட்டை இதுவரை யாரும் வாயாரப் பாராட்டவில்லை. அந்தக் குறை இன்றோடு தீரட்டும்.

முதலில் உங்கள் ரகசியக் காப்பு. போஸ்டரில் 'பெயர் மாற்றப்பட்டுள்ளது' என்று மறக்காமல் போட்டீர்கள். பாதிக்கப்பட்ட அந்தப் பெண்ணின் ஊர், அவள் படித்த பாலிடெக்னிக், அப்பா ஷிப்ட் பார்க்கும் மில், சம்பவம் நடந்த வருஷம் ஆகியவற்றை மட்டும் மாற்றாமல் விட்டீர்கள். நம்பகத்தன்மை என்று ஒன்று இருக்கிறதல்லவா? வீடியோவில் முகத்தை மங்கலாக்கினீர்கள். குரல் அவளுடையதேதான், பின்னால் வீட்டுக் கதவு எண்கூடப் பளிச்சென்று தெரிந்தது. ஊர்க்காரர்கள் யாரும் மண்டையை உடைத்துக்கொள்ளத் தேவையே இருக்கவில்லை.

இந்த வித்தை அரசாங்கத்துக்கே மலிவாக வாய்க்கவில்லை. 2019இல் பொள்ளாச்சி பாலியல் வன்கொடுமை வழக்கில் புகார் கொடுத்த பெண்ணின் பெயர் அரசாணையிலேயே வெளியானது. 25 லட்சம் ரூபாய் இழப்பீடு தரச் சொன்னது உயர் நீதிமன்றம். 2024 டிசம்பரில் அண்ணா பல்கலைக்கழகப் பாலியல் வன்கொடுமை வழக்கின் முதல் தகவல் அறிக்கை, மாணவியின் விவரங்களோடு இணையத்தில் கசிந்தது. மறுபடியும் 25 லட்சம். நீங்களோ ஒரு போஸ்டர் செலவில் காரியத்தை முடித்துவிடுகிறீர்கள். சிக்கனம் என்றால் இதுவல்லவா!

சம்மதம் வாங்குவதிலும் உங்களை மிஞ்ச ஆளில்லை. வக்கீல் உதவி கேட்டு அவள் படியேறி வந்த அன்றே நாலு பக்க ஆங்கிலப் படிவத்தை நீட்டி, "சும்மா ஒரு ஃபார்மாலிட்டிதாம்மா" என்றீர்கள். வேண்டாம் என்றால் வக்கீல் வருவாரா மாட்டாரா என்ற குழப்பமே அவளுக்கு வரவிடாமல் பேனாவையும் கையில் கொடுத்தீர்கள். பிறகு கல்யாணப் பேச்சு வந்தபோது, "அக்கா, அந்த வீடியோவ எடுத்துடுங்களேன்" என்று கெஞ்சினாள். அதே படிவத்தைக் காட்டி, "உன்னால எத்தன பொண்ணுங்களுக்கு தைரியம் வந்திருக்கு தெரியுமா?" என்று அவளுக்கே தைரியம் சொன்னீர்கள்.

படப்பிடிப்பைச் சொல்லாமல் விட்டால் பாவம். மைக்கில் காற்றுச் சத்தம் விழுந்ததால், "அன்னிக்கு ராத்திரி நடந்தத மட்டும் இன்னொரு தடவ சொல்லும்மா" என்றீர்கள். சொன்னாள், உடைந்து அழுதாள், டேக் ஓகே. புகாரை வாங்காமல் ஸ்டேஷனில் இரவு வரை உட்கார வைத்தது, வாய்தா வாய்தாவாக அலைந்தது, கூடவே வந்து நின்ற பெரியம்மா, இப்போது நடத்தும் தையல் கடை என்று அவள் ஏதேதோ பேசியிருந்தாள். கேட்கும் இன்னொரு பெண்ணுக்கு வழி தெரிந்துவிடக்கூடும் என்பதாலோ என்னவோ, எடிட்டிங்கில் எல்லாம் போயிற்று. அழுகையும் வயலினும் மட்டும் மிஞ்சின. ஸ்பான்சர் லோகோ கண் குளிரும்வரை திரையில் நின்றது. பெண்கள் உதவி எண் 181 கடைசியில் கண் சிமிட்டிவிட்டு மறைந்தது.

கேமராவுக்குக் கூலி, மேடைக்கு வாடகை, சிறப்பு விருந்தினருக்குப் பொன்னாடை, எல்லோருக்கும் பிரியாணி. அவளுக்கு மட்டும் பணம் தந்து தியாகத்தைக் கொச்சைப்படுத்தவில்லை. ஒரு நினைவுப் பரிசோடு நிறுத்திக்கொண்டீர்கள். அதிலும் உங்கள் அமைப்பின் பெயர்தான்.

உங்களைக் கௌரவிக்கச் சட்டத்திலும் இடமுண்டு. பாலியல் வன்கொடுமைக்கு ஆளானவரை அடையாளம் காட்டும் எதையும் வெளியிட்டால் பாரதிய நியாய சம்ஹிதையின் 72ஆம் பிரிவு இரண்டு ஆண்டு வரை சிறையும் அபராதமும் தருகிறது. மறைமுகமாகக்கூட அடையாளம் தெரியக்கூடாது என்று 2018இல் நிபுன் சக்சேனா வழக்கில் உச்ச நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது. அவளே எழுத்தில் அனுமதித்திருந்தால் விலக்கு உண்டு. அதுதான் படிவம் கைவசம் இருக்கிறதே. தான் யாரென்று வெளியே தெரியாது என்று நம்பிக் கையெழுத்துப் போட்டவளிடம், "படித்துப் பார்த்துத்தான் போட்டாயா?" என்று நீதிபதி கேட்காதவரை, உங்கள் சேவை தொடரட்டும்.