திருப்பின ஊர்

சென்னைக்குப் பழங்கதை சொல்ல எஸ்.முத்தையா இருந்தார். திருப்பூருக்கு? ஆர்.பி.அமுதன் ‘டாலர் சிட்டி’ என்று ஓர் ஆவணப்படம் எடுத்தார், அது நிகழ்காலம். பழங்காலத்தைப் படமெடுக்க எங்கள் ஊரில் யாருக்கும் நேரமில்லை. ஷிப்மென்ட் இருக்குதுங்க. ஆகவே கேமரா இல்லாமலே நான் எடுத்துவிடுகிறேன்.

முதல் காட்சி, மகாபாரதம். விராட மன்னனின் மாடுகளைக் கௌரவர்கள் ஓட்டிப் போக, அர்ச்சுனன் துரத்திப் போய்த் திருப்பிக்கொண்டு வந்தானாம். மாட்டைத் திருப்பின ஊர், திருப்பூர். ஊரைவிட்டுப் போன சரக்கு திரும்பி வந்ததில் இதுவே முதல். கௌரவர்கள் டெபிட் நோட் போட்டதாகத் தகவல் இல்லை.

அடுத்து கொடுமணல், நொய்யல் கரை. இரண்டாயிரம் வருஷத்துக்கு முன்பே அங்கே கல்மணி செய்தார்கள். பக்கத்துப் படியூர்ப் பச்சைக்கல்லுக்கு ரோமாபுரியில் ஏகக் கிராக்கி. கொங்கு மண்ணைத் தோண்டினால் இன்றும் ரோமக் காசு கிடைக்கிறது. அட்வான்ஸாக இருக்கும்.

1932 ஜனவரி 10. கொடியோடு போன ஊர்வலத்தைத் திருப்பி அனுப்பப் போலீஸ் தடியெடுத்தது. சென்னிமலை நெசவுக் குடும்பத்துக் குமரன் திரும்பவில்லை, கொடியையும் விடவில்லை. மறுநாள் இறந்தார். வயது 27. இந்தக் காட்சிக்குப் பின்னணி இசை வேண்டாம்.

அன்று இது கதர் ஊர். அந்த ஊரில்தான் குலாம் காதர் ‘பேபி நிட்டிங்’ என்று பனியன் கம்பெனி தொடங்கினார். கதருக்கும் காதருக்கும் நடுவே ஒரு துணைக்கால்தான். அதற்குள் ராட்டை போய் மெஷின் வந்துவிட்டது.

1978-இல் மும்பை ஏற்றுமதிக்காரர்கள் மூலம் வெரோனா என்ற இத்தாலியர் வெள்ளை டி-சர்ட் கேட்டு வந்தார். மணிக்கு வந்த ரோமாபுரிக்காரன் பனியனுக்கு வந்திருக்கிறான். ரிப்பீட் ஆர்டர்தான், லீட் டைம் கொஞ்சம் அதிகம்.

டாலர் வந்தது, சாயமும் வந்தது. பாசனத்துக்கென்று 1992-இல் நொய்யலின் குறுக்கே ஒரத்துப்பாளையத்தில் அணை கட்டினார்கள். அதில் சாயத்தண்ணி நிறைந்தது. அணையைத் திறக்கச் சொல்லிக் கேட்கிற விவசாயியை எல்லா ஊரும் பார்த்திருக்கும். திறந்துவிடாதீங்க சாமி என்று கும்பிட்ட விவசாயியை நொய்யல்தான் பார்த்தது. 2011 ஜனவரியில் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது உயர் நீதிமன்றம். மாட்டைத் திருப்பின ஊரில் ஆற்றைத் திருப்ப ஓர் அர்ச்சுனனும் வரவில்லை.

கடைசிக் காட்சி காதர்பேட்டை. தரையில் டி-சர்ட் குவியல்.

“ஏனுங்க, எக்ஸ்போர்ட் சரக்குங்களா?”

“ஆமாங்க. லண்டன் போக வேண்டியது.”

“போகலீங்களா?”

“ஓவர்லாக்குல ஒரு தையல் கோணலுங்க. உங்க கண்ணுக்குத் தெரியாது. வெள்ளைக்காரன் கண்டுபுடிச்சுத் திருப்பீட்டான்.”

கேமராமேன் இல்லாத செலவு மிச்சம். எனக்கு ரெண்டு வாங்கிக்கொண்டேன்.